199 ரூபாய்க்கு ஓர் அடையாள எண்

செல்போனில் *#06# என்று அழுத்தினால் 15 இலக்கங்கள் கொண்ட ஓர் எண் வரும். அதுதான் ஐஎம்இஐ. முதல் 8 இலக்கங்கள் அது எந்த மாடல் என்பதைச் சொல்லும். அடுத்த 6 அந்தக் கருவிக்கே உரிய வரிசை எண். கடைசி இலக்கம் மற்றவற்றைக் கூட்டிச் சரிபார்க்க. சிம் கார்டை மாற்றினாலும் இந்த எண் மாறாது. களவு போன போனைத் தேடுவதே இதை வைத்துத்தான்.

இந்த எண்ணை 'ரிப்பேர்' செய்வது இன்று சிறைத் தண்டனைக்குரிய குற்றம். ஆனால் 2009இல் நம் நாட்டில் அரசு அனுமதியோடு, கடை திறந்து, அந்த வேலை நடந்தது என்பது பலருக்கு மறந்திருக்கும்.

அப்போது சீனாவிலிருந்து வந்த மலிவு விலை போன்கள் ஊரெங்கும் விற்றன. இரண்டு சிம், பெரிய ஸ்பீக்கர், தொடுதிரை என்று எல்லாம் உண்டு. பலவற்றில் ஐஎம்இஐ மட்டும் இல்லை, அல்லது 15 இடத்திலும் பூஜ்யம். 2008 நவம்பரில் நடந்த மும்பைத் தாக்குதலுக்குப் பிறகு, அடையாளம் தெரியாத கருவிகள் பாதுகாப்புக்கு ஆபத்து என்ற கவலை வலுத்தது. 2009 நவம்பர் 30க்குப் பிறகு அத்தகைய போன்களுக்கு இணைப்புத் தரக்கூடாது என்று தொலைத்தொடர்புத் துறை உத்தரவிட்டது.

வாங்கியவர்களோ பெரும்பாலும் எளிய மனிதர்கள். அவர்கள் கைப்பொருள் ஒரே இரவில் வெறும் பிளாஸ்டிக் ஆகிவிடும். எனவே செல்போன் நிறுவனங்களின் சங்கம் ஓர் ஏற்பாடு செய்தது. குறிப்பிட்ட மையங்களில் 199 ரூபாய் கட்டினால், மென்பொருள் மூலம் முறையான புது எண்ணைப் பதித்துக் கொடுத்தார்கள்.

இதே தொழில்நுட்பம் திருட்டுப் போன்களின் எண்ணை மாற்றவும் பயன்பட்டது. 2020இல் மீரட் போலீசார், ஒரே ஐஎம்இஐ எண்ணில் 13,000க்கும் மேற்பட்ட போன்கள் இயங்குவதைக் கண்டறிந்தார்கள். விஷயம் வெளியே வந்ததே ஒரு காவலரின் போன் பழுதுபார்க்கப் போனதால்தான்! இப்படி ஓர் எண்ணைப் பலர் சுமந்தால் குற்றவாளி யார், அப்பாவி யார்?

சட்டம் அதற்கு முன்பே விழித்துக்கொண்டிருந்தது. 2017 ஆகஸ்டில் வந்த விதிகளின்படி, தயாரிப்பாளர் தவிர வேறு யாரும் வேண்டுமென்றே இந்த எண்ணை அழிக்கவோ மாற்றவோ கூடாது. 2023ஆம் ஆண்டின் தொலைத்தொடர்புச் சட்டம் மேலும் இறுக்கியது: 3 ஆண்டு வரை சிறை, அல்லது 50 லட்சம் ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். மாற்றியவருக்கு மட்டுமல்ல, எண் திருத்தப்பட்டது என்று தெரிந்தே அந்தப் போனை வைத்திருப்பவருக்கும் இது பொருந்தும்.

பழுதுபார்க்கும் தம்பிகள்தான் இதில் மாட்டிக்கொள்ளக்கூடியவர்கள். மென்பொருள் கெட்டு எண் அழிந்துபோவது உண்டு. வாடிக்கையாளர் கெஞ்சுவார், கணினியில் சில நிமிட வேலைதான். பெட்டியில் உள்ள பழைய எண்ணையே திரும்பப் போட்டாலும், அதைச் செய்ய உரியவர் தயாரிப்பாளர்தான். நிறுவனத்தின் சேவை மையத்துக்கு அனுப்பிவிடுவதே இருவருக்கும் நல்லது.

பழைய போன் வாங்குவோரும் *#06# அழுத்தி, வரும் எண்ணைப் பெட்டியோடும் பில்லோடும் ஒப்பிட்டுப் பார்த்துவிடுங்கள். பொருந்தவில்லை என்றால், எவ்வளவு மலிவாகக் கொடுத்தாலும் வேண்டாம்.