சுண்ணாம்பு பூமியில் பயறு வேகவைத்த கதை

அரியலூர்ப் பக்கம் கிணறு வெட்டினால் தண்ணீருக்கு முன்னால் சிப்பியும் சங்கும் வரும். ஏறத்தாழ பத்துக் கோடி ஆண்டுகளுக்கு முன்னால் கடல் கிடந்த பூமி இது. 1860-களில் ஹென்றி பிளான்ஃபோர்டு என்ற நிலவியலாளர் இங்குள்ள பாறைகளை ஊட்டத்தூர், திருச்சி, அரியலூர் என்று அடுக்கடுக்காகப் பிரித்துப் பெயர் வைத்தார். 1940-இல் எம்.எஸ். கிருஷ்ணன் சாத்தனூரில் 18 மீட்டர் நீளக் கல்மரத்தைக் கண்டறிந்தார். பின்னால் சிமெண்டு ஆலைகள் வந்தன. எங்கள் அரியலூர், பெரம்பலூர் மாவட்டங்களின் சுண்ணாம்புக் கல்லைப் பற்றி எழுதுகிறவர்கள் இந்தக் கதையோடு நிறுத்திக்கொள்கிறார்கள். அதே சுண்ணாம்பு எங்கள் அடுப்பில் என்ன செய்தது என்பதை யாரும் எழுதி நான் பார்த்ததில்லை. சத்துணவு அமைப்பாளராகப் பயறு வேகவைத்தே ஓய்வு பெற்றவள் நான். அதை நான்தான் எழுத வேண்டும்.

எங்கள் அம்மாவுக்கு ஊரில் இரண்டு வகைத் தண்ணீர்தான் உண்டு. பருப்பு வேகிற தண்ணீர், பருப்பு வேகாத தண்ணீர். வீட்டுக் கிணற்றுத் தண்ணீர் குளிக்க, துவைக்க, மாட்டுக்கு வைக்க. துவரம்பருப்போ மொச்சையோ போடுகிற நாளில் குடத்தை எடுத்துக்கொண்டு ஏரிக்கரைக்குப் போவாள். பக்கத்து வீட்டுக்குப் புதிதாக வாக்கப்பட்டு வந்தவள் தெரியாமல் கிணற்றுத் தண்ணீரில் பயறு போட்டுவிட்டு விழித்தபோது, "ஏரித்தண்ணி ஊத்துடி, இது கல்லுத் தண்ணி, சாயங்காலம் வரைக்கும் எரிச்சாலும் வேவாது" என்று அம்மா சொன்னது நினைவிருக்கிறது. கிணற்றுத் தண்ணீர் காய்ச்சிய அண்டாவின் உட்புறம் வெள்ளை வெள்ளையாய்ப் படிந்து கிடக்கும். புளி போட்டுத் தேய்த்தால்தான் போகும்.

அதன் காரணத்தைப் பின்னால் படித்துத் தெரிந்துகொண்டேன். பயற்றின் தோலிலும் உயிரணுச் சுவர்களிலும் பெக்டின் என்ற பசை இருக்கிறது. வேகும்போது அந்தப் பசை கரைந்தால்தான் பயறு குழையும். சுண்ணாம்புத் தண்ணீரில் இருக்கிற கால்சியம் அந்தப் பசையோடு சேர்ந்து அதைக் கரையவிடாமல் இறுக்கிவிடுகிறது. மழைத் தண்ணீர் பாறையைத் தொடாமல் ஏரியில் நிற்பதால் அதில் கால்சியம் குறைவு. சோழகங்கம் என்று ராஜேந்திர சோழன் கங்கைகொண்ட சோழபுரத்தருகே வெட்டிய பொன்னேரியையும், இன்று பறவைகளுக்காகப் பேர்பெற்ற கரைவெட்டி ஏரியையும் பார்க்கிறவர்கள் பாசனத்தை நினைப்பார்கள். எனக்கு அந்தக் கரைகளில் இறங்கிப் பருப்புக்குத் தண்ணீர் மொண்ட பெண்கள் நினைவுக்கு வருவார்கள். எந்தக் கல்வெட்டிலும் அவர்கள் இல்லை.

1982 ஜூலை 1 அன்று எம்.ஜி.ஆர். திருச்சிக்கு அருகே பாப்பாக்குறிச்சியில் சத்துணவுத் திட்டத்தைத் தொடங்கி வைத்தார். அப்போது பெரம்பலூரும் அரியலூரும் திருச்சி மாவட்டத்துக்குள்தான் இருந்தன. பெரம்பலூர் தனி மாவட்டமானது 1995-இல். அரியலூர் 2001-இல் பிரிந்து, 2002-இல் திரும்பச் சேர்ந்து, 2007-இல் மறுபடி பிரிந்தது. எல்லைகள் இப்படி மாறிக்கொண்டிருந்த காலம் முழுக்க எங்கள் சத்துணவுக் கூடத்தின் கவலை ஒன்றுதான், பருப்பு வேகுமா என்பது. பின்னாளில் செவ்வாய்க்கிழமைதோறும் பிள்ளைக்கு 20 கிராம் வேகவைத்த பயறோ கொண்டைக்கடலையோ தர வேண்டும் என்று ஆணை வந்தபோது அந்தக் கவலை பெரிதாயிற்று. பள்ளிக்கூடத்து அடிகுழாயில் வருவது அப்பட்டமான கல்லுத் தண்ணீர். "டீச்சர், கடலை இன்னும் கல்லாட்டம் கிடக்கு, மணி பதினொண்ணு ஆவுது" என்று சமையல் செய்யும் அக்கா வந்து நிற்பார். விறகோ அளந்து கொடுத்தது.

அந்த அக்காதான் எனக்கு வழி காட்டினார். முதல் நாள் சாயங்காலமே கடலையை ஊறப்போடும்போது ஒரு கை கல்லுப்பு போடுவார். உப்புப் போட்டால் பயறு வேகாது என்று நான் கேள்விப்பட்டிருந்தேன். அவர் சிரித்துவிட்டு, "வேகாமப் பண்றது புளிங்க, உப்பு இல்ல" என்றார். இப்போது விஞ்ஞானமும் அதையே சொல்கிறது. உப்பின் சோடியம் தோலுக்குள் போய்க் கால்சியத்தைத் தள்ளிவிட்டு இடம்பிடிக்கும், தோல் இளகும். புளிப்பு சேர்ந்தால் பெக்டின் கரையாது. நம் மொச்சைக் குழம்பில் பயறு மலர்ந்த பிறகே புளிக்கரைசல் விடுவது அதனால்தான். இன்னொன்றும் அவர் செய்வார். தண்ணீரை முதலில் தனியாகக் கொதிக்கவைத்து ஆறவிட்டு, அடியில் வெள்ளை படிந்ததும் மேல் தண்ணீரை மட்டும் வடித்துக்கொள்வார். கொதியில் சுண்ணாம்பின் ஒரு பகுதி பிரிந்துவிடும். ஆப்ப சோடா போட்டால் சீக்கிரம் வேகும்தான். ஆனால் பி1 உயிர்ச்சத்து போய்விடும், சவர்க்கார வாடையும் வரும். பிள்ளைகளுக்குப் போடுகிற சாப்பாட்டில் அதைக் கூடுமானவரை நாங்கள் தவிர்த்தோம். கொள்ளிடம் கூட்டுக்குடிநீர் வந்த பிறகு இந்தப் பாடெல்லாம் குறைந்தது. வேலைக்கு வந்த புதுப் பெண்களுக்கு இதைச் சொன்னால் கதை போலக் கேட்டார்கள்.

தண்ணீர் மட்டும் காரணமல்ல, பயற்றின் வயசும் உண்டு. வெக்கையிலும் ஈரத்திலும் ஒரு வருஷம் கிடந்த மொச்சை எந்தத் தண்ணீரிலும் சண்டித்தனம் செய்யும். அந்தக் காலத்தில் துவரையையும் தட்டைப்பயற்றையும் செம்மண்ணைக் குழைத்துப் பூசி, வெயிலில் காயவைத்து, குதிரில் கொட்டுவார்கள். மண் கட்டுவது என்று பேர். வண்டு முட்டையிட வழியிருக்காது. சாம்பல் கலந்து வைப்பதும், நொச்சி இலையும் வேப்பிலையும் போட்டு வைப்பதும் உண்டு. அடுத்த ஆடி வரைக்கும் வீடு அந்தப் பயற்றில் ஓடும்.

அந்தப் பயறு எங்கே விளைந்தது என்பதுதான் எனக்கு மனசை உறுத்துகிற விஷயம். குன்னம், வேப்பூர், வேப்பந்தட்டைப் பக்கத்துக் கரிசலில் சோளம் தனியாக நின்றதே கிடையாது. ஆடி மழைக்குச் சோளம் விதைக்கும்போதே மொச்சையையும் துவரையையும் தட்டைப்பயற்றையும் ஊடே போடுவார்கள். மொச்சைக் கொடிக்குச் சோளத்தட்டையே கொழுகொம்பு. சோளம் அறுத்த பிறகு கொடி படர்ந்து, பனி இறங்கும்போது பூக்கும். தை பிறந்தால் வீடு முழுக்கப் பச்சை மொச்சை வாசம். பாரியின் நாட்டைப் பற்றிய கபிலரின் புறநானூற்றுப் பாட்டில் வரகோடும் தினையோடும் எள்ளோடும் அவரையும் வருகிறது. அவ்வளவு பழைய விவசாயம் இது.

இதே விவசாயம் கடலுக்கு அப்பால் மெக்சிகோவிலும் இருக்கிறது. அங்கே மில்பா என்பார்கள். மக்காச்சோளம், அதில் ஏறும் பீன்ஸ், தரையில் படரும் பூசணி, மூன்றும் ஒரே கொல்லையில். பீன்ஸ் வேர் மண்ணில் தழைச்சத்து சேர்க்கும். சாப்பாட்டிலும் தானியத்தில் குறைகிற லைசின் என்ற புரதக்கூறு பயற்றிலிருந்து கிடைக்கும். மக்காச்சோளத்தைச் சுண்ணாம்புத் தண்ணீரில் வேகவைத்து, கழுவி, அரைத்து ரொட்டி தட்டுவார்கள். சுண்ணாம்பு பட்டால் அதிலிருக்கும் நயாசின் உடம்பில் சேரும் வடிவத்துக்கு வரும். அந்தப் பக்குவம் இல்லாமல் மக்காச்சோளத்தை மட்டும் கொண்டுபோய் அதையே தின்ற இத்தாலி, ஸ்பெயின் ஏழைகளையும், பிறகு அமெரிக்காவின் தென்மாநிலத்து ஏழைகளையும் பெல்லக்ரா என்ற நோய் வாட்டியது. பீன்ஸ் வேகவைக்கும்போது மெக்சிகோப் பெண்கள் சுண்ணாம்பைக் கிட்டே சேர்ப்பதில்லை. ஏரி வற்றிய இடத்தில் பூக்கிற டெகெஸ்கீட்டே என்ற காரச்சத்துள்ள உப்பைத் துளி போடுவார்கள். எங்கள் ஆப்ப சோடாவின் உறவு அது. மக்காச்சோளத்துக்குச் சுண்ணாம்பு, பயற்றுக்கு உப்பு என்று எப்போதோ பிரித்து அறிந்திருந்த அந்தக் கைகளை நான் கும்பிடுகிறேன்.

அந்த மக்காச்சோளம் எங்களிடம் வந்தது. தமிழ்நாட்டில் மக்காச்சோளம் அதிகம் விளைகிற மாவட்டங்களில் பெரம்பலூர் முன்னணியில் நிற்கிறது. ஆனால் துணைக்குப் பயறு வரவில்லை. மக்காச்சோளத்துக்கு விதைத்த கையோடு அட்ரசின் களைக்கொல்லி அடிக்கிறார்கள். அது அகன்ற இலைச் செடிகளைக் கொல்லும் மருந்து. மொச்சையும் தட்டைப்பயறும் அகன்ற இலைச் செடிகள்தாம். பயறு ஊடுபயிராகப் போட்டால் அட்ரசின் அடிக்காதீர்கள் என்று வேளாண் பல்கலைக்கழகமே சொல்கிறது. களையெடுக்க ஆள் கிடைக்காத விவசாயியின் காதில் அது எப்படி ஏறும்? விளைந்ததில் பெரும்பகுதி கோழித் தீவனத்துக்கு லாரி ஏறுகிறது. 2018-இல் அமெரிக்கப் படைப்புழு வந்து இரண்டு மாவட்டத்துக் கொல்லைகளையும் சல்லடை ஆக்கியபோது, இடையில் பறித்துத் தின்ன ஒரு மொச்சைக் காய்கூட அந்தக் கொல்லையில் இல்லை. சாப்பாட்டுக்கு விளைந்த நிலம் சந்தைக்கு மட்டும் விளைந்தால் என்ன ஆகும் என்று அந்த வருஷம் பார்த்தேன்.

மெக்சிகோவின் பீன்ஸ் இப்போது எங்களுக்கு டப்பாவில் வருகிறது. லெப்பைக்குடிகாடு பக்கம் வளைகுடாவில் ஆள் இல்லாத வீடு குறைவு. எங்கள் வீட்டுக்கும் மருமகன் அங்கிருந்து சிவப்பு பீன்ஸ் டப்பா கொண்டுவந்தார். டப்பாவுக்கும் ஒரு கதை உண்டு. பிரெஞ்சுக்காரர் நிக்கோலா அப்பேர் உணவைக் கண்ணாடிக் குடுவையில் அடைத்துக் கொதிக்கவைத்துக் காக்கும் முறையை 1810-இல் புத்தகமாக வெளியிட்டார். அதே ஆண்டு இங்கிலாந்தில் தகர டப்பாவுக்குக் காப்புரிமை வாங்கினார்கள். செம்மண் பூச்சு செய்த காவல் வேலையை உலகம் முழுக்கத் தகரம் செய்ய ஆரம்பித்தது அங்கேதான். பேத்தி டப்பாவின் மேல் எழுதியிருந்ததைப் படித்தாள். பீன்ஸ், தண்ணீர், உப்பு, கால்சியம் குளோரைடு. எனக்குத் தூக்கிவாரிப்போட்டது. என் அம்மா எதற்குப் பயந்து ஏரிக்கரைக்கு நடந்தாளோ அந்தக் கால்சியத்தையே, பயறு கரையாமல் முழுசாக நிற்கட்டும் என்று ஆலையில் அளந்து போடுகிறார்கள்.

அதனால்தான் டப்பா பீன்ஸ் வெந்திருந்தும் மசாலா ஏறாமல் தனியாக நிற்கிறது. அதைச் சரிசெய்ய எங்கள் பக்கத்துச் சரக்கே போதும். டப்பாத் தண்ணீரை வடித்து, பீன்ஸை ஒருமுறை அலசிக்கொள்ளுங்கள்; உப்பு குறையும். மண்சட்டியில் கடலெண்ணெய் காயவைத்து ஒரு கை செட்டிகுளத்துச் சின்ன வெங்காயத்தைப் பொடியாக அரிந்து ஓரம் சிவக்கும் வரை வதக்குங்கள். நாலு பல் பூண்டு, கீறிய பச்சை மிளகாய், வறுத்துப் பொடித்த சீரகம், இரண்டு சிட்டிகை ஓமம். மெக்சிகோவில் இந்த இடத்தில் எப்பாசோட்டே என்ற வாசத் தழையைப் போடுவார்கள், அதுவும் வாயுவுக்குத்தான். பீன்ஸில் மூன்றில் ஒரு பங்கை மத்தால் மசித்துவிட்டு மீதியை முழுசாகப் போட்டு, ஒரு டம்ளர் வெந்நீர் விட்டு, சிறு தீயில் கால்மணி நேரம் கொதிக்க விடுங்கள். மசித்த மாவு குழம்பைப் பிடித்துக்கொள்ளும். ஆலை இறுக்கிய தோலை இளக்க ஆப்ப சோடா வேண்டாம், நேரம் கொடுத்தாலே போதும். எலுமிச்சம்பழமும் மல்லித்தழையும் சட்டியை இறக்கின பிறகு.

மருமகன் ஊருக்குத் திரும்பிய பின் இதே பக்குவத்தைக் காய்ந்த மொச்சையில் செய்தேன். ராத்திரி உப்புத் தண்ணீரில் ஊறவைத்து, காலையில் அந்தத் தண்ணீரைக் கொட்டிவிட்டு, கொள்ளிடம் குழாய்த் தண்ணீரில் வேகவைத்தது. உலர்ந்த சிவப்பு பீன்ஸில் செய்கிறவர்கள் ஊறிய பிறகு பத்து நிமிஷமாவது தளதளவென்று கொதிக்க வைக்க வேண்டும், அரைவேக்காட்டில் அது வயிற்றைக் கெடுக்கும். மொச்சைக்கு மாவுத்தன்மை அதிகம், மசித்தால் பீன்ஸைவிடத் திண்ணமாக வருகிறது. சோளச்சோற்றுக்கும் தோசைக்கும் நன்றாகச் சேர்கிறது. வாங்கும்போது இந்த வருஷத்துப் பயறா என்று கேட்டு வாங்குங்கள்.