இரு மரங்களின் கிழமை

கற்பனை உலகங்களுக்கு நாட்காட்டி வகுக்கும் எழுத்தாளர் பலரும் மாதப் பெயர்களை மாற்றுவதோடு நிறைவடைந்துவிடுகின்றனர். பெயர் புதிது, வானத்தில் ஓடுவது நம் ஞாயிறும் திங்களுமே. ஜே. ஆர். ஆர். டோல்கின் வேறொரு வினாவிலிருந்து தொடங்கினார். ஞாயிறும் திங்களும் இன்னும் தோன்றாத உலகில் காலத்தை எதைக்கொண்டு அளப்பது?

அவர் மறைவுக்குப் பின் 1977இல் வெளிவந்த 'சில்மரில்லியன்' இதற்கு விடையாக இரண்டு மரங்களை நிறுத்துகிறது. வாலினோர் நாட்டில் டெல்பெரியன் வெள்ளொளியும் லௌரெலின் பொன்னொளியும் வீசின. ஒவ்வொன்றின் ஒளியும் ஏழு நாழிகையில் வளர்ந்து, முழுமையுற்று, தேய்ந்து மறையும். ஒன்று அணைவதற்கு ஒரு நாழிகை முன்பே மற்றது விழித்துக்கொள்ளும். ஆகவே ஒரு நாள் என்பது பன்னிரண்டு நாழிகை. அதில் இருமுறை இரண்டு ஒளிகளும் கலந்து மென்மையுறும். டெல்பெரியன் தனித்து ஒளிர்ந்த முதல் நாழிகையை மட்டும் எந்த நாளிலும் சேர்க்காமல் 'தொடக்க நாழிகை' எனப் பிரித்து வைத்தனர். எண்ணிக்கைக்கு முந்திய ஒரு நாழிகை இருந்தாக வேண்டும் என்று உணர்ந்தவரின் கணக்கு இது.

1993இல் அச்சேறிய 'அமான் ஆண்டுக்குறிப்புகள்' இன்னும் நுட்பமானவை. (இங்கு நாழிகை என்பது நம் 24 நிமிட நாழிகையன்று.) மரங்களின் ஒரு நாழிகை நம் ஏழு மணி நேரம், ஒரு நாள் 84 மணி, ஆயிரம் நாள் ஓர் ஆண்டு. வகுத்துப் பார்த்தால் நம் கணக்கில் 9.582 ஆண்டு வருகிறது. நூறு மர ஆண்டுகள் ஓர் ஊழி.

இந்த ஒழுங்கில் ஒரு விரிசல் உண்டு. மரங்கள் தோன்றி 1495ஆம் ஆண்டில் அவை அழிக்கப்படுகின்றன. ஞாயிறும் திங்களும் எழுவது 1500இல். இடைப்பட்ட ஐந்து மர ஆண்டுகள், அதாவது நம் கணக்கில் ஏறத்தாழ 48 ஆண்டுகள், வாலினோரில் விண்மீன் ஒளியன்றி வேறில்லை. ஆனாலும் ஆண்டுக்குறிப்பு 1496, 1497 என்றே எண்ணிச் செல்கிறது. அளவுகோல் ஒடிந்த பின்னும் அளவை நிற்கவில்லை. இதை ஆசிரியரின் கவனக்குறைவு என்று தள்ளுவது அவசரம். சகர் ஆட்சி மறைந்து பல நூற்றாண்டுகள் கழித்தும், 1957இல் இந்தியா ஏற்ற தேசிய நாட்காட்டி சக ஆண்டையே கொண்டது. தொடங்கி வைத்தது போன பிறகும் தொடர்வது ஆண்டுக்கணக்கின் இயல்பு.

இதற்கான வலுவான சான்று கணக்கில் அன்று, சொல்லில் இருக்கிறது. டோல்கின் 1919–20இல் ஆக்ஸ்போர்டு ஆங்கில அகராதியில் சொல்வரலாறு எழுதியவர்; பின்னர் பழைய ஆங்கிலப் பேராசிரியர். 1955இல் வெளிவந்த 'தி லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்' மூன்றாம் பகுதியின் பின்னிணைப்பில் எல்ஃப் மக்களின் ஆறு நாள் வாரத்தை அவர் தருகிறார்: விண்மீன், ஞாயிறு, திங்கள், இரு மரங்கள், வானம், தெய்வ ஆற்றல்கள். நான்காம் நாளின் குவென்யாப் பெயர் அல்தூயா. சிந்தாரின் பெயர் ஓர்கலாதத். இரண்டும் இருமை எண் வடிவங்கள். தமிழில் ஒருமையும் பன்மையுமே உள்ளதால் இது நம் காதில் எளிதில் விழாது; சமஸ்கிருத இலக்கணம் பயின்றவர் உடனே இனம் காண்பர்.

இந்த வாரத்தை நூமெனோர் மனிதர் ஏற்றபோது இரண்டு மாற்றங்கள் செய்தனர். கடலோடிகளாதலால் வானத்தின் நாளுக்குப் பின் கடலுக்கு ஒரு நாள் சேர்த்து ஏழாக்கினர். அல்தூயாவை அல்தேயா என்றும், ஓர்கலாதத்தை ஓர்கலாத் என்றும் ஒருமையாக்கினர். அவர்கள் அரசவையில் நின்ற வெண்மரம் டெல்பெரியன் வழிவந்தது; லௌரெலினுக்கு அங்கே வாரிசு இல்லை. பொன்மரம் இரண்டாம் முறை மறைந்தது இங்கேதான். முதன்முறை அதைக் கொன்றது பகைவரின் நஞ்சு. இம்முறை அதை நேசித்தவர்களின் சந்ததி நட்பிலிருந்தவர்களே ஓர் எண் விகுதியை நீக்கினர். வரலாறு பெரும்பாலும் இப்படித்தான் இழக்கப்படுகிறது என்பதை எந்தப் போர்க்காட்சியையும் விட இந்த விகுதி தெளிவாகக் காட்டுகிறது.

1950களின் இறுதியில் டோல்கினே இந்த ஒளிக்கணக்கை ஐயுறத் தொடங்கினார். வானியல் அறிந்த எல்ஃப் மக்கள் ஞாயிறு பிந்திப் பிறந்தது என்று நம்புவது எவ்வாறு என்ற கேள்வி அவரைத் துரத்தியது. தொடக்கம் முதலே ஞாயிறு இருக்கும் வேறொரு படைப்புக் கதையை முயன்றார். மர ஆண்டு ஒன்றுக்கு 9.582க்கு மாறாக 144 ஞாயிற்றாண்டு என்றும் கணக்கிட்டார். அந்தத் தாள்கள் 2021இல் நூலாயின. எந்த முயற்சியும் முடிவடையவில்லை.

பின்னிணைப்பு மட்டும் அச்சில் நின்றது. அதில் ஷயர் நாட்டு ஹாபிட்டுகளின் வாரத்தில் நான்காம் நாள் ட்ரூஸ்டே. அதன் பழைய வடிவம் ட்ரெவெஸ்தெய். முன்பகுதி, மரத்தைக் குறிக்கும் பழைய ஆங்கிலச் சொல்லின் ஆறாம் வேற்றுமை வடிவத்தோடு ஒத்துப்போகிறது. எண், ஒருமை.