வசனமில்லாத குரல்: ஆக்னஸ் மூர்ஹெட்டின் ‘தி இன்வேடர்ஸ்’ மறுவாசிப்பு

ஆக்னஸ் மூர்ஹெட்டின் நடிப்பு வாழ்வை இரண்டாகப் பிரித்துப் பேசுவது ஆய்வாளர்களிடையே வழக்கமாகிவிட்டது: வானொலியில் குரலை ஆண்டவர், பின்னர் திரையில் உடலால் நடிக்கப் பழகியவர். இதற்குச் சான்றாக ‘தி ட்விலைட் ஜோன்’ தொடரில் 1961 ஜனவரி 27 அன்று ஒளிபரப்பான ‘தி இன்வேடர்ஸ்’ அத்தியாயத்தைக் காட்டுகிறார்கள். அதில் அவருக்கு ஒரு வரி வசனம்கூடக் கிடையாது. எனவே அவர் குரலைத் துறந்துவிட்டார் என்று முடிவுகட்டுகிறார்கள். இந்த முடிவு பிழையானது என்றே கருதுகிறேன்.

ரிச்சர்ட் மாதிசன் எழுதி டக்ளஸ் ஹேய்ஸ் இயக்கிய இந்தக் கதையில், தனிக் குடிசையில் வாழும் ஏழைப் பெண் ஒருத்தியை, கூரைமேல் வந்திறங்கிய கலத்திலிருந்து வெளிப்படும் சாண் உயரம்கூட இல்லாத உருவங்கள் தாக்குகின்றன. திரையைப் பார்க்காமல் ஒலியை மட்டும் கேட்டாலும் அவள் படும் பாடு புரியும். மூச்சிரைப்பு, முனகல், வலியில் எழும் கேவல், போர்வைக்குள் சிக்கிய உருவத்தை அடித்து நொறுக்கும்போது அடித்தொண்டையிலிருந்து வரும் உறுமல் என ஒவ்வொன்றும் தனித்தனியாக வார்க்கப்பட்டிருக்கிறது. இறுதியில் கோடரியோடு ஏறிக் கலத்தைப் பிளக்கிறாள். உள்ளிருந்து ஆங்கிலத்தில் பேசும் ஆண்குரல் கேட்கிறது. வந்தவர்கள் அமெரிக்க விண்வெளி வீரர்கள், இவளோ வேற்றுக்கோளின் அரக்க உருவினள் என்பது அப்போதுதான் தெரிகிறது. அதுவரை கேட்ட அதே முனகல்களை மனதில் மறுபடி ஓட்டிப் பார்க்க வேண்டியிருக்கிறது. முதலில் அவை அஞ்சி நடுங்கும் மனுஷியுடையவையாகவும், பிறகு மனித இனத்தையே அறியாத ஓர் உயிரினுடையவையாகவும் பொருந்தியாக வேண்டும். கதையின் திருப்பத்தைத் தாங்குவது இந்தக் குரல்தான்.

வசனமின்மை கதைக்குத் தேவையான உத்தி, நடிகைக்கு இதில் பங்கில்லை என்பார்கள். ஆனால் கதை தடுத்தது சொல்லை, ஒலியை அல்ல. ஒலிகள் பிறகு சேர்க்கப்பட்டிருக்கலாம் என்ற ஐயமும் இங்கே பொருட்டல்ல. எப்போது பதிந்திருந்தாலும் தொண்டை அவருடையதே.

இந்தக் குரலின் வேர் வானொலியிலேயே இருக்கிறது. லூசில் ஃப்ளெட்சர் எழுதி மூர்ஹெட் நடித்த ‘சாரி, ராங் நம்பர்’ நாடகம் 1943 மே 25 அன்று ‘சஸ்பென்ஸ்’ வானொலித் தொடரில் ஒலிபரப்பானது. தொலைபேசியில் அதிகாரமாகக் குறைசொல்லத் தொடங்கும் பெண்ணின் பேச்சு, படிப்படியாகத் தேய்ந்து அலறலாக முடிகிறது. அங்கே சொல் தீர்ந்துபோன இடத்திலிருந்துதான் 1961இல் அவர் தொடங்குகிறார்.

வானொலி முன்பு, திரை பின்பு என்ற வரிசையும் நிற்காது. ‘தி மேக்னிஃபிசென்ட் ஆம்பர்சன்ஸ்’ படம் 1942இலேயே வந்துவிட்டது. அதில் அவர் ஏற்ற ஃபேனி, கொதிகலனில் முதுகைச் சாய்த்துத் தரையில் சரிகிறாள். சுட்டுவிடும் என்று சகோதரனின் மகன் ஜார்ஜ் எச்சரித்ததும், அது ஆறிக் கிடக்கிறது என்று கத்துகிறாள். சொற்கள் அங்கேயே உடைந்து, அழுகையா சிரிப்பா என்று பிரித்தறிய முடியாத மூச்சாக மாறிவிடுகின்றன. சரிந்து கிடக்கும் உடலும் உடையும் குரலும் அந்த ஒரே காட்சியில் ஒன்றாகவே இயங்குகின்றன.