ஒரு கழகமும் அதை ஆண்ட மனிதர்களும்

கழகம் என்னும் சொல்லுக்குத் தமிழில் விந்தையான வரலாறு உண்டு. வள்ளுவர் அதனைச் சூதாடும் இடத்திற்குப் பெயராக வழங்கினார். இன்றோ பலர் கூடிக் கலந்து முடிவெடுக்கும் அமைப்பை அது குறிக்கிறது. ஆயினும் பலர் கூடி நடத்துவதாக நாம் நம்பியிருக்கும் அமைப்பை ஒரே ஒருவர் நடத்துவதும், ஏனையோர் தலையசைத்து அமர்ந்திருப்பதும் நாம் காணாத காட்சியன்று. பங்குப் பேரவையிலோ விழாக் குழுவிலோ சில காலம் இருந்தவர்க்கு இதனை விளக்கிச் சொல்ல வேண்டியதில்லை.

இங்கு நாம் எடுத்துக்கொள்வது ஸ்காட்லாந்தின் கிளாஸ்கோ நகரிலுள்ள செல்டிக் என்னும் கால்பந்துக் கழகத்தின் கதையை. துறவற சகோதரர் ஒருவரால், ஏழைப் பிள்ளைகளின் பசி தீர்க்கத் தொடங்கப்பெற்ற கழகம் என்பதால் அதன்மீது நமக்குத் தனிப்பற்று உண்டு என்பதை முதலிலேயே ஒப்புக்கொள்கிறோம்.

அயர்லாந்தின் பெரும்பஞ்சத்திற்குப் பின் பிழைப்புத் தேடிக் கிளாஸ்கோவின் கிழக்குப் பகுதியில் குடியேறிய ஐரிஷ் மக்களின் நிலை மிக இரங்கத்தக்கதாய் இருந்தது. மரிஸ்ட் சபையைச் சேர்ந்த அருட்சகோதரர் வால்ஃப்ரிட் அங்குத் திரு இருதயப் பள்ளியின் தலைமையாசிரியராகப் பணியாற்றினார். பசியோடு வரும் பிள்ளைகளுக்கு ஒரு பென்னிக்கு ஒரு வேளை உணவு அளிக்கும் திட்டம், புனித வின்சென்ட் தெ பவுல் சபையினரின் துணையோடு நடந்து வந்தது. அதற்குப் பணம் வேண்டியிருந்தது. 1887ஆம் ஆண்டு நவம்பர் 6ஆம் நாள் புனித மரியா ஆலய மண்டபத்தில் கூடிய கூட்டத்தில் செல்டிக் கழகம் உருவாயிற்று. கிளாஸ்கோ பேராயரின் பெயர் புரவலர் பட்டியலில் முதலாவதாக நின்றது. 1888 மே 28 அன்று நடந்த முதல் ஆட்டத்தில் ரேஞ்சர்ஸ் அணியைச் செல்டிக் 5-2 என்று வென்றது.

சகோதரர் வால்ஃப்ரிட் வளைந்து கொடுப்பவர் அல்லர். ஆனால் துறவறத்தார்க்குரிய ஒரு கட்டுப்பாடு அவருக்கு இருந்தது. 1892இல் சபைத் தலைமை அவரை இலண்டனுக்கு மாற்றியபோது, கீழ்ப்படிந்து சென்றார். அவர் சென்றபின் நிகழ்ந்ததை நாம் வருத்தத்தோடுதான் படிக்கிறோம். கழகத்தின் நிருவாகம் ஜான் கிளாஸ் என்னும் செயல்வேகம் மிக்க மனிதரைச் சுற்றி அமைந்தது. எடின்பரோவின் ஹிபர்னியன் கழகத்திலிருந்து ஆட்டக்காரர் பலரை 1888இலேயே இழுத்து வந்தவர் அவர்தாம். 1897இல் கழகம் பங்கு முதலீட்டு நிறுவனமாக மாற்றப்பட்டது. பங்குதாரர்களுக்கு ஆதாயம் வந்தது. பிள்ளைகளின் உணவு மேசைக்குச் சென்ற பணம் தேய்ந்து மறைந்தது. இதற்கு எந்த ஒரு கொடியவரையும் நாம் குற்றஞ்சாட்ட இயலாது. வேண்டாம் என்று சொல்லக்கூடிய ஒருவர் அவ்வறையில் இல்லாமற்போனார், அவ்வளவே.

அதே 1897இல் மேலாளர் பொறுப்பேற்ற வில்லி மேலி 1940 வரை, நாற்பத்து மூன்று ஆண்டுகள் அப்பதவியில் இருந்தார். லீக் பட்டம் 16, ஸ்காட்டிஷ் கோப்பை 14 என முப்பது வெற்றிகள் அவர் காலத்தவை. அவருடைய ஆளுமையின் கனத்தை அறிய 1928ஆம் ஆண்டு நிகழ்ச்சி ஒன்று போதும். முதல்தர ஆட்டங்களில் 550 கோல் அடித்து, பிரித்தானியக் கால்பந்தில் எவரும் எட்டாத உயரத்தில் நின்றவர் ஜிம்மி மக்ரோரி. அவரும் மேலியும் அவ்வாண்டு லூர்து நகருக்குத் திருப்பயணம் புறப்பட்டனர். வழியில் இலண்டனில் ஆர்சனல் கழகத்தின் மேலாளர் ஹெர்பர்ட் சாப்மன் காத்திருந்தார். மக்ரோரியை விற்க விலை பேசப்பட்டது அவருக்கே அப்போதுதான் தெரிந்தது! அவர் மறுத்துவிட்டார். திரும்பி வரும் வழியிலும் சாப்மன் வந்தார்; மக்ரோரி மீண்டும் மறுத்தார். அதன்பின் பல ஆண்டுகள் கழகம் தமக்கு உடன் ஆடியவர்களைவிடக் குறைந்த ஊதியமே கொடுத்து வந்ததை மக்ரோரி பிற்காலத்தில் அறிந்தார். அன்னையின் திருத்தலத்திற்குச் செல்லும் வழியிலா இந்தப் பேரம் என்று நமக்குத் தோன்றுகிறது. மக்ரோரி அதற்காகக் கழகத்தின்மேல் கசப்புக் கொண்டதாகத் தெரியவில்லை. அவரது அந்தப் பணிவே பிறகு வேறுவிதமான தீங்குக்கு வழிவிட்டது என்பதுதான் நாம் கவனிக்க வேண்டியது.

1945இல் மக்ரோரி மேலாளரானார். 1947இல் இராபர்ட் கெல்லி கழகத் தலைவரானார். இவர் செல்டிக்கின் தொடக்ககால ஆட்டக்காரரும் பின்னர்க் கழகத் தலைவருமான ஜேம்ஸ் கெல்லியின் மகன். நேர்மையானவர், பக்தியுள்ளவர், தாம் சரியென்று கருதியதை எவர்க்காகவும் விட்டுக்கொடாதவர். ஆட்டத்தில் முரட்டுத்தனம் கூடாதென்பது அவர் கொள்கை. 1952இல், ஆட்ட அரங்கில் பறந்த அயர்லாந்துக் கொடியை இறக்க வேண்டும் என்று ஸ்காட்லாந்துக் கால்பந்துச் சங்கம் ஆணையிட்டபோது அவர் இணங்கவில்லை. கழகமே நீக்கப்படும் நிலை வந்தும் நின்றார், கொடியும் நின்றது. வியப்பென்னவெனில், அப்போது செல்டிக்கின் பக்கம் வாக்களித்தவர்களில் பரம எதிரியான ரேஞ்சர்ஸ் கழகமும் ஒன்று.

அதே உறுதி அணித் தேர்வில் நுழைந்தபோது கேடாயிற்று. மக்ரோரி பெயரளவில் மேலாளர். களத்தில் யார் இறங்குவது என்பதைக் கெல்லியே முடிவு செய்தார். 1960இல் ஏர்ட்ரி நகருக்கு அணியின் பேருந்து சென்றுகொண்டிருந்தபோது, சாலையோரம் ஆட்டம் பார்க்கப் புறப்பட்டு நின்ற மாற்றுக் கோல்காப்பாளர் வில்லி கோல்டியைக் கெல்லி கண்டார். கழகத்தின்மேல் அவருக்கிருந்த பற்றை மெச்சிப் பேருந்தில் ஏற்றிக்கொண்டார். அத்தோடு நில்லாமல் அன்றைய ஆட்டத்தில் அவரையே கோல்காப்பாளராகவும் இறக்கினார். செல்டிக் 0-2 என்று தோற்றது. பற்றுக்குப் பரிசு கொடுப்பது நல்ல குணந்தான். ஆனால் பேருந்தில் அமர்ந்திருந்த மற்ற பதினொருவரும் அன்று என்ன நினைத்திருப்பர்? மக்ரோரி என்ன நினைத்தார் என்பதும் நமக்குத் தெரியாது. அவர் வழக்கம்போல் ஒன்றும் சொல்லவில்லை. 1957 அக்டோபரில் லீக் கோப்பை இறுதியாட்டத்தில் ரேஞ்சர்ஸை 7-1 என்று நொறுக்கிய கழகம், அதன்பின் ஏழாண்டுகளுக்கு மேல் பெரிய கோப்பை ஒன்றையும் காணவில்லை.

இனி வருபவர் ஜாக் ஸ்டீன். நிலக்கரிச் சுரங்கத் தொழிலாளியாக வாழ்வைத் தொடங்கியவர். புரொட்டஸ்தாந்து சபையைச் சேர்ந்தவர். 1951இல் செல்டிக்கிற்கு வந்து, அணித்தலைவராக 1954இல் லீக்கையும் கோப்பையையும் ஒரே பருவத்தில் வென்று தந்தவர். கணுக்கால் முறிவால் ஆட்டத்தை விட்டபின் இளையோர்க்குப் பயிற்சி அளித்தார். 1960இல் டன்ஃபர்ம்லின் கழகத்தின் மேலாளராகச் சென்றார். மறு ஆண்டே ஸ்காட்டிஷ் கோப்பை இறுதியாட்டத்தில் செல்டிக்கையே வீழ்த்தினார். அனுபவம் பெற்றுத் திரும்பட்டும் என்று தாமே அவரை அனுப்பியதாகக் கெல்லி பின்னர்ச் சொன்னார். அதனை நம்பாதவர்களும் உண்டு; கத்தோலிக்கர் அல்லாத ஒருவரை மேலாளராக்கும் எண்ணம் அக்காலத்தில் கழகத்தில் எவருக்கும் இருந்ததாகத் தெரியவில்லை என்பர் அவர்கள்.

1965இல் கெல்லி அவரை அழைத்தபோது, முதலில் ஷான் ஃபாலனுக்கு உதவியாளர் பதவியையும், பிறகு அவரோடு இணைந்து நடத்தும் பொறுப்பையும் முன்வைத்தார். ஸ்டீன் இரண்டையும் மறுத்தார். அணியைத் தேர்ந்தெடுக்கும் முழு உரிமை தமக்கே வேண்டும், இல்லையேல் வருவதற்கில்லை என்றார். கெல்லி இணங்கினார். இந்த வரலாற்றில் நம் உள்ளத்தைப் பெரிதும் தொடும் இடம் இதுவே. பதினெட்டு ஆண்டுகள் தம் கையிலிருந்த அதிகாரத்தை, அதுவும் தாம் உயிராய் மதித்த ஒன்றின்மேல் இருந்த அதிகாரத்தை, தம் நிருவாகத்தின்கீழ் ஒருகாலத்தில் ஊழியம் செய்த ஒருவரிடம் அவர் ஒப்படைத்தார். இணங்கிய பிறகும் பழைய வழக்கம் எட்டிப்பார்க்காமல் இல்லை. பாபி மர்டாக்கை நடுக்களத்தின் பின்னிலையில் ஆடவைக்க ஸ்டீன் எண்ணியபோது, அவர் அவ்விடத்திற்கு ஏற்றவரல்லர் என்றாராம் கெல்லி. சனிக்கிழமை பார்த்துக்கொள்ளலாம் என்பதே ஸ்டீனின் மறுமொழி என்பர். அதன்பின் மர்டாக் அவ்விடத்தை விட்டு அகலவில்லை.

1965 ஏப்ரல் 24 அன்று ஸ்காட்டிஷ் கோப்பை கைக்கு வந்தது. 1966 முதல் 1974 வரை தொடர்ந்து ஒன்பது லீக் பட்டங்கள். 1967 மே 25 அன்று லிஸ்பன் நகரில் இத்தாலியின் இண்டர் மிலான் அணியை 2-1 என்று வென்று, ஐரோப்பியக் கோப்பையைப் பெற்ற முதல் பிரித்தானியக் கழகமாயிற்று செல்டிக். அன்று களமிறங்கிய பதினொருவரும் கிளாஸ்கோவைச் சுற்றி முப்பது மைல் தொலைவுக்குள் பிறந்தவர்கள். அவர்களுள் கோல்காப்பாளர் ரானி சிம்ப்சனின் கதை தனிச்சுவை உடையது. ஸ்டீன் ஹிபர்னியன் மேலாளராக இருந்தபோது, இவர் வேண்டாம் என்று செல்டிக்கிற்கு அனுப்பிவைத்தவர் இவர். சில மாதங்களில் அதே ஸ்டீன் செல்டிக்கிற்கே மேலாளராக வருகிறார் என்ற செய்தி கேட்டுச் சிம்ப்சன் தம் கதை முடிந்தது என்றே எண்ணினார். ஆனால் ஸ்டீன் தம் கருத்தை மாற்றிக்கொண்டார். லிஸ்பனில் கோல் முன் நின்றபோது சிம்ப்சனுக்கு வயது 36.

ஸ்டீனும் அடக்கியாளும் இயல்பினரே. ஆட்டக்காரர்கள் அவருக்கு அஞ்சினர். ஆயினும் ஒவ்வொருவரின் இயல்பறிந்து வளையவும் அவருக்குத் தெரிந்திருந்தது. விமானத்தில் ஏற நடுங்கும் ஜிம்மி ஜான்ஸ்டனிடம், 1968இல் பெல்கிரேடின் ரெட் ஸ்டார் அணியை நான்கு கோல் வித்தியாசத்தில் வென்றால் அடுத்த ஆட்டத்துக்குப் பறந்து வர வேண்டாம் என்று வாக்களித்தார். ஆட்டம் 5-1 என முடிந்தது. ஜான்ஸ்டன் வீட்டிலேயே இருந்தார். எனினும் 1970இல் மிலான் நகரில் நடந்த ஐரோப்பிய இறுதியாட்டத்தில் ஹாலந்தின் ஃபெயனூர்ட் அணியிடம் செல்டிக் 1-2 என்று தோற்றது. எதிரணியை ஸ்டீன் குறைவாக மதிப்பிட்டார் என்பது பலர் கருத்து. அதனை அவரிடம் எடுத்துரைக்கும் துணிவு அப்போது கழகத்தில் யாருக்கு இருந்திருக்கும்?

கெல்லிக்குத் திரும்புவோம். அணித் தேர்வை விட்டுக்கொடுத்தவர் மனச்சான்று பற்றியவற்றில் சிறிதும் தளரவில்லை. 1967 நவம்பரில் மான்டிவிடியோவில் அர்ஜென்டினாவின் ரேசிங் அணியுடன் நடந்த ஆட்டம் அடிதடியாய் முடிந்தபோது, சீண்டியவர் எவராயினும் நம்மவர் நடந்தது தவறு என்று ஆட்டக்காரர் ஒவ்வொருவருக்கும் 250 பவுன் தண்டம் விதித்தது கழகம். 1968இல் சோவியத் படைகள் செக்கோஸ்லோவாக்கியாவில் நுழைந்தன. ஐரோப்பியக் கோப்பையில் அவ்வாண்டு செல்டிக்கிற்கு எதிராக வந்திருந்தது ஹங்கேரியின் ஃபெரன்ட்ஸ்வாரோஷ் அணி. கெல்லியின் எதிர்ப்பை அடுத்து ஐரோப்பியக் கால்பந்து ஒன்றியம் ஆட்ட இணைகளையே மாற்றி அமைத்தது. கீழை ஐரோப்பிய நாடுகள் பல விலகிக்கொண்டன. ஒரு நகரக் கழகத்தின் தலைவர் எடுத்த முடிவு ஒரு கண்டத்தின் போட்டியையே அசைத்தது! சாலையோரத்தில் நின்ற கோல்டியைப் பேருந்தில் ஏற்றியதும் இதே உள்ளந்தான். ஒன்றைப் போற்றி மற்றொன்றைப் பழிப்பது நமக்கு எளிதாய் இல்லை.

1971இல் கெல்லி மறைந்தார். தலைமை டெஸ்மண்ட் வைட்டிடம் சென்றது. அவரும் முன்னைய தலைவர் ஒருவரின் மகன். கணக்கில் கண்ணானவர். ஆட்டக்காரர்க்குக் கிடைத்த ஊதியமோ குறைவு. கழகத்தின் சிக்கனத்தை ‘பிஸ்கட் டப்பா’ என்று இரசிகர்கள் கேலி செய்தனர். 1975இல் கார் விபத்தில் ஸ்டீன் உயிர் தப்பியதே அரிது. 1977இல் கென்னி டால்கிளிஷ் 4,40,000 பவுனுக்கு லிவர்பூலுக்குச் சென்றார். அடுத்த பருவத்தில் செல்டிக் ஐந்தாம் இடத்தில் முடிந்தது. 1978இல் ஸ்டீனை மேலாளர் பதவியிலிருந்து விலக்கினர். அவருக்கு இயக்குநர் பதவி தருவதாகச் சொன்னார்கள். பணி என்ன? கழகத்தின் பரிசுச்சீட்டு நிதியைக் கவனிப்பது! ஐரோப்பியக் கோப்பையைக் கொண்டுவந்த மனிதருக்குச் சீட்டு விற்கும் வேலை. அவர் லீட்ஸ் கழகத்துக்குச் சென்று 44 நாள் இருந்துவிட்டு, ஸ்காட்லாந்து நாட்டு அணியின் மேலாளரானார். 1985 செப்டம்பர் 10 அன்று கார்டிஃப் நகரில் வேல்ஸ் அணியோடு நடந்த ஆட்டத்தின் முடிவில் மயங்கி விழுந்து உயிர் துறந்தார். அவருக்கு வயது 62.

கெல்லி, வைட் முதலிய குடும்பங்களின் கையிலேயே கழகம் தொடர்ந்தது. தலைமுறைகள் மாறின, முன்னோரின் பிடிவாதம் எஞ்சியது, அவர்களின் தெளிவு எஞ்சவில்லை. 1994 மார்ச் 4 அன்று வங்கி கழகத்தைக் கைப்பற்றும் தறுவாயில், கனடாவிலிருந்து வந்த ஃபெர்கஸ் மக்கான் பணத்தைக் கட்டி அதனை மீட்டார். இவரும் தனித்து முடிவெடுப்பவரே. இனிய பேச்சு இவருக்கு வராது. ஆனால் வந்த அன்றே ஐந்தாண்டில் போய்விடுவேன் என்று நாள் குறித்தார். இரசிகர்களுக்குப் பங்குகளை விற்றார். ஏறத்தாழ 10,000 பேர் வாங்கினர். அறுபதாயிரம் பேர் அமரும் அரங்கைக் கட்டினார். 1998இல் லீக் பட்டம் வென்ற மேலாளர் விம் யான்சன் நிருவாகத்தோடு பிணங்கி உடனே விலகினார். அந்த ஆகஸ்டில் வெற்றிக்கொடி ஏற்ற வந்த மக்கானை அவர் கட்டிய அரங்கிலேயே கூட்டம் ஊளையிட்டு இகழ்ந்தது. அவர் கொடியை ஏற்றிவிட்டு நடந்தார்; 1999இல் சொன்னபடியே விலகினார். 2014 ஆகஸ்டில் அதே பணிக்காகக் கழகம் அவரை மீண்டும் அழைத்தது. இம்முறை அரங்கம் கைதட்டி வரவேற்றது.