திருச்சபைப் பண்கள்
இடைக்கால ஐரோப்பியத் திருச்சபையின் கிரகோரியப் பாடல்களை வகைப்படுத்திய எட்டுப் பண்கள் இவை. பைசாந்தியத் திருச்சபையின் எண்பண் முறையைத் தழுவி, 8, 9ஆம் நூற்றாண்டுகளில் பிராங்கியர் நாட்டில் உருப்பெற்றன. பாடல் வந்து முடியும் சுரமே பண்ணின் முதல் அடையாளம்: டி-யில் முடிவது டோரியன், ஈ-யில் பிரிஜியன், எஃப்-இல் லிடியன், ஜி-யில் மிக்சோலிடியன். முடிவுச் சுரத்துக்கு மேலேயே பெரும்பாலும் உலவுவது மூலவகை; அதற்குக் கீழும் நன்கு இறங்குவது துணைவகை. துணைவகையின் பெயர் ‘ஹைப்போ’ என்று தொடங்கும். திருப்பாடல்களை ஓதும்போது குரல் நிலைத்து நிற்கும் ஓதுசுரமும் பண்ணுக்குப் பண் மாறும்; ஆகவே இவற்றை வெறும் சுரவரிசைகளாகக் கொள்வது போதாது. பெயர்கள் பண்டைக் கிரேக்கத்தவை. அங்கே அப்பெயர்கள் குறித்த சுரவரிசைகளோ வேறு. 1547இல் சுவிட்சர்லாந்து அறிஞர் ஹைன்ரிச் கிளாரியன் ‘டோடெகாகார்டன்’ என்ற நூலில் அயோலியன், அயோனியன் பண்களையும் அவற்றின் துணைவகைகளையும் சேர்த்து எண்ணிக்கையைப் பன்னிரண்டாக்கினார். இன்றைய மேஜர் சுரவரிசை அயோனியனின் அமைப்பையும், இயல்பு மைனர் அயோலியனின் அமைப்பையும் கொண்டவை.