ஓசையற்ற திரையில் ஓர் இசைத் தலைவர்

பேசும் படங்களிலேயே பழகிவிட்ட நமக்கு, இசைவாணர் ஒருவரை ஓசையின்றிப் படம் பிடித்தனர் என்பது வியப்பாகவே தோன்றும். ஆயினும் ஜெர்மனியில் 1913-ஆம் ஆண்டளவில் அத்தகைய குறும்படம் ஒன்று எடுக்கப்பெற்றது. அதில் காட்சி தருபவர் ஆர்தர் நிகிஷ்.

1855-இல் ஹங்கேரியில் பிறந்த நிகிஷ், 1895 முதல் 1922-இல் மறையும் வரை லைப்ஸிக் கெவாண்ட்ஹௌஸ், பெர்லின் பில்ஹார்மோனிக் ஆகிய இரு பெரும் வாத்தியக் குழுக்களுக்கும் தலைவராக விளங்கினார். மேனாட்டு இசையரங்கில் பல்வகைக் கருவியாளர் ஒருங்கே அமர்ந்து வாசிப்பர். அவர்கள் முன் நின்று, சிறு கோலால் காலமும் ஏற்ற இறக்கமும் காட்டுபவரே தலைவர். அவ்வேளையில் அவர் எக்கருவியையும் இசைப்பதில்லை. நிகிஷோ ஆரவாரமான கையசைவுகளை நாடாதவர். கோலின் சிற்றசைவாலும் கண் பார்வையாலுமே குழுவை ஆள்பவர் எனப் புகழ்பெற்றவர்.

படமெடுத்தவர் ஆஸ்கர் மெஸ்டர். 1866-இல் பெர்லினில் பிறந்த இவர், 1903-இலேயே இசைத்தட்டையும் படத்தையும் இணைத்து ஓட்டிக் காட்டியவர். ஆனால் அந்நாளைய தட்டு சில நிமிடங்களே பாடும்; பெரிய அரங்கை நிறைக்கும் வலிமையும் அதற்கில்லை. ஆகவே மெஸ்டர் வேறொரு வழி கண்டார். கருவியாளர் அமரும் திசையிலிருந்து இசைத் தலைவரைப் படம் பிடித்தார். திரையில் அவர் கையசைக்க, அரங்கில் அமர்ந்த குழுவினர் அதைப் பார்த்து வாசிக்க வேண்டும் என்பதே அவர் கருத்து. தலைவர் வர இயலாத ஊருக்கும் அவருடைய நடத்துமுறை சென்று சேரும் அன்றோ!

எண்ணம் பெரிதுதான், எனினும் அதில் ஒரு குறை உண்டு. உயிருள்ள தலைவர் குழுவின் ஓசையைக் கேட்கிறார். தயங்குவோருக்காகச் சற்றே பொறுக்கிறார். விரைவோரைக் கண்ணால் அடக்குகிறார். திரையில் உள்ளவருக்கோ செவியில்லை. அவர் கட்டளையிடுவார், மறுமொழி கேளார்.

அதே 1913-இல் நிகிஷ் பெர்லின் குழுவைக் கொண்டு பீத்தோவனின் ஐந்தாம் சிம்பொனியை இசைத்தட்டுகளில் பதிவு செய்தார். ஒலிவாங்கி வழக்கிற்கு வராத காலம். ஊதுகுழல் போன்றதொரு கூம்பின் முன் நெருங்கியமர்ந்து வாசித்தனர். இவ்வாறு அவர் நடத்திய இசை தட்டிலும், அவர் கையசைவு படச்சுருளிலும் தனித்தனியே தங்கின.

இசைப் படமாக நோக்கின் இக்குறும்படம் குறையுடையதே. ஆயினும் நிகிஷின் கையையும் கண்ணையும் இயங்கும் நிலையில் நமக்குக் காட்டும் பெருமை அதற்குண்டு. கோலெடுத்துப் பயில்வோர் இன்றும் அதை நாடிப் பார்ப்பதற்குக் காரணம் அதுவே. குழுவை இயக்கும் கலை செவிக்கு மட்டும் உரியதன்று. கண்ணுக்கும் உரியது என்பதை ஓசையற்ற அப்படமே நமக்கு உணர்த்துகிறது.