சமதளத்தின் சரித்திரம்

தமிழில் ஊர்ச் சரித்திரம் எழுத இரண்டு மரபுகள்தான் உண்டு. ஒன்று ஸ்தல புராணம், மற்றது வெள்ளைக்கார கலெக்டர்கள் எழுதி வைத்த மானுவல். முன்னதில் ஊர் என்பது கடவுள் கால் வைத்த இடம். பின்னதில் வரி வசூலாகும் இடம். இந்த இரண்டிலும் சரியாக அடங்காத ஊர்கள் சில இருக்கின்றன. அங்கே கோயிலும் இருக்கும், வரியும் வசூலாகும். ஆனால் யாரோ கடந்துபோக வசதியாக இருந்ததுதான் அவற்றின் முக்கிய காரியமாக இருந்திருக்கும். மீனம்பாக்கமும் அதைச் சுற்றியுள்ள பரங்கிமலை, பல்லாவரம், திரிசூலம், நங்கநல்லூரும் அந்த வகை. 1879இல் க்ரோல் எழுதிய செங்கல்பட்டு மானுவல் மாதிரியான ஒன்றில் இவற்றைப் பற்றித் தகவல்கள் கிடைக்கலாம். இவற்றின் குணம் கிடைக்காது.

காரைக்கால்காரனுக்கு மீனம்பாக்கம் ஒரு ஊரே அல்ல, ஒரு ராத்திரி. பிரெஞ்சு ராணுவத்தில் இருந்து பென்ஷன் வாங்கிய சொல்தா குடும்பங்கள் எங்கள் பக்கத்தில் நிறைய. வேன் பிடித்து, கடற்கரைச் சாலை வழியாகப் போய், பாரிஸ் போகிறவர்களை ஏற்றிவிட்டு, கண்ணைக் கசக்கிக்கொண்டு விடிகாலையில் திரும்புவார்கள். அந்தப் பிரதேசத்தைப் பகலில் பார்த்தவர்கள் குறைவு. வங்கி உத்தியோகத்தின் பேரில் இரண்டரை வருஷம் பல்லாவரத்தில் இருக்க நேர்ந்ததால் எனக்குப் பகலும் கிடைத்தது. வீட்டுக் கடனுக்கு வரும் பத்திரங்களைப் படிப்பது என் வேலை. நெடுங்காட்டுப் பத்திரத்தில் நான்கெல்லை என்றால் வாய்க்கால், வரப்பு, பங்காளியின் நஞ்சை. அங்கே 'மேற்கே ராணுவ நிலம்' என்றும் 'வடக்கே விமான நிலையத்துச் சுவர்' என்றும் எழுதியிருக்கும். பக்கத்து வீட்டுக்காரனாக ஒரு மனிதன் வருவது அபூர்வம்.

விமான நிலையம்தான் அந்தப் பகுதிக்கு ஒரு குணத்தைக் கொடுத்தது என்பது பொதுவான அபிப்பிராயம். எனக்கு அப்படித் தோன்றவில்லை. விமானம் கண்டுபிடிக்கப்படுவதற்கு வெகு காலம் முன்பே அது தீர்மானமாகிவிட்டது. ஒரு சிறு குன்று, அதன் அடியில் பரந்து கிடக்கும் சமதளம், பக்கத்தில் அடையாறு. சமதளத்தைக் கண்டால் வெளியாளுக்கு அதில் எதையாவது செய்து பார்க்கவேண்டும் என்று தோன்றிவிடுகிறது.

குன்றின் பெயரிலேயே வெளியாள் இருக்கிறான்: பரங்கிமலை. முந்நூறு அடி உயரம் இருக்கும். புனித தோமையார் உயிர்விட்ட இடம் என்று நம்பி, 1523இல் போர்த்துக்கீசியர்கள் அதன்மேல் கோயில் கட்டினார்கள். 1547இல் தோண்டும்போது பாரசீகத்துப் பஹ்லவி எழுத்துக்கள் பொறித்த ஒரு கற்சிலுவை கிடைத்தது. ஆக, போர்த்துக்கீசியருக்கு முன்பே வேறு வெளியாட்கள் வந்து போயிருக்கிறார்கள். 1726இல் மலைக்குப் படிக்கட்டும் சைதாப்பேட்டையில் ஆற்றுக்குப் பாலமும் தன் செலவில் கட்டிக் கொடுத்தவர் பெட்ரஸ் உஸ்கான் என்ற ஆர்மீனிய வியாபாரி. உள்ளூர்க்காரன் ஒருவன் இந்த மலைக்கு என்ன செய்தான் என்று தேடினால் கல் உடைத்தான் என்பதுதான் பதில். அதற்குப் பிறகு வருகிறேன்.

எங்கள் ஊர்ச் சரித்திரமும் ஒரு தடவை இந்தச் சமவெளியில் வந்து அடிபட்டிருக்கிறது. 1758 டிசம்பரில் லாலி சென்னைக் கோட்டையை முற்றுகையிட்டபோது, வெளியிலிருந்து அவனைத் தொந்தரவு செய்துகொண்டிருந்த காலியோவும் யூசுப் கானும் 1759 பிப்ரவரியில் பரங்கிமலை அடிவாரத்தில் பிரெஞ்சுப் படையோடு மோதினார்கள். மருதநாயகம் என்று இப்போது சினிமா வழியாகப் பெயர் பெற்றிருக்கிற யூசுப் கான்தான். அந்த மாதமே முற்றுகை கலைந்தது. அடுத்த வருஷம் ஏப்ரலில் காரைக்கால் ஆங்கிலேயர் கைக்குப் போயிற்று. 1769இல் ஹைதர் அலி குதிரைப்படையோடு இதே மலைப்பக்கம் வந்து நின்று, கம்பெனிக்காரர்களைத் தன் நிபந்தனைக்கு உடன்படிக்கை எழுத வைத்தான். புத்தி வந்ததுபோல 1774இல் கம்பெனி தன் பீரங்கிப் படையின் தலைமையிடத்தை அங்கே வைத்துக்கொண்டது. பீரங்கி சுட்டுப் பழக நீளமான திடல் வேண்டுமே.

1802 ஏப்ரல் 10ஆம் தேதி லாம்ப்டன் சங்கிலியோடு வந்தார். பரங்கிமலைப் பக்கத்திலிருந்து பெரும்பாக்கம் குன்று வரை ஏழரை மைல். நூறு அடி எஃகுச் சங்கிலியை முக்காலிகள்மேல் தாங்கி, வெயில் பட்டு நீளாமல் பார்த்து, மறுபடி மறுபடி நகர்த்தி, 57 நாளில் அளந்து முடித்தார்கள். சீனச் சக்ரவர்த்திக்குப் பரிசாகப் போய், அவர் வேண்டாமென்று திரும்பிய சாமான்களில் ஒன்று அந்தச் சங்கிலி. தேசம் முழுவதையும் முக்கோணங்களாகப் பிரித்து அளந்த மகா சர்வேயின் முதல் கோடு இதுதான். எவரெஸ்டின் உயரத்தைக் கணக்கிட்டது வரை அந்தக் கோட்டின் சந்ததி. (லாம்ப்டனுக்காக வந்த பெரிய தியோடலைட்டைப் பிரெஞ்சுக் கப்பல் பிடித்து மொரீஷியஸ் கொண்டுபோக, அங்கிருந்த பிரெஞ்சு கவர்னர் மரியாதையாகச் சென்னைக்கு அனுப்பி வைத்தார். 1808இல் அதைத் தஞ்சாவூர்ப் பெரிய கோயில் கோபுரத்தின்மேல் ஏற்றும்போது கயிறு அறுந்து அடிபட்டது. பிரெஞ்சுக்காரனிடம் பத்திரமாக இருந்த கருவி ராஜராஜனிடம் உடைந்தது என்று நண்பர் ஒருவர் சொல்வார்.) ஒரு தேசத்தை அளக்க உதவிய நிலம். அந்தக் கோட்டின் அடியில் யாருடைய வயல் இருந்தது என்பது சர்வேயின் விஷயம் அல்ல.

இனி கல். 1863 மே 30ஆம் தேதி பல்லாவரத்தில் சரளை தோண்டிய ஒரு பள்ளத்தில் ராபர்ட் புரூஸ் ஃபுட் ஒரு கைக்கோடரியைக் கண்டெடுத்தார். இந்தியாவில் பழைய கற்கால மனிதன் இருந்தான் என்பதற்கு முதல் சாட்சி அது. ஏழாம் நூற்றாண்டில் மகேந்திரவர்மன் இங்கே ஒரு குன்றைக் குடைந்து, தன் விருதுப் பெயர்களை வெட்டி வைத்தான்; அந்தக் குடைவரை இப்போது தர்கா. இந்தக் கல்லுக்கு விஞ்ஞானத்தில் சார்னகைட் என்று பெயர். கல்கத்தாவை ஸ்தாபித்த ஜாப் சார்னக்கின் சமாதிமேல் கிடக்கும் கல்லும் இந்த வகைதான் என்பதால் ஹாலந்து அப்படிப் பெயரிட்டார். கல் நம்முடையது, பெயர் சமாதிக்காரனுடையது. 1975இல் பரங்கிமலைப் பாறையைத் தேசியப் புவியியல் சின்னமாக அறிவித்தார்கள். அதே பாறையை, சுற்றிலும் பல்லாவரம் திரிசூலம் குன்றுகளில், வெடி வைத்து ஜல்லியாக்கியிருக்கிறார்கள். குன்று இருந்த இடங்களில் பச்சைத் தண்ணீர் நிற்கும் பள்ளங்களைப் பார்த்திருக்கிறேன். சமதளம் போதாமல் மேட்டையும் தின்ன ஆரம்பித்ததன் அடையாளம்.

இந்தப் பட்டாளத்து ஊரில்தான் தனித்தமிழ் பிறந்தது என்பதை நம் விமர்சகர்கள் யாரும் யோசித்ததாகத் தெரியவில்லை. நாகப்பட்டினத்துக்காரரான வேதாசலம், கிறிஸ்துவக் கல்லூரி வேலை போனபின் 1911இல் பல்லாவரத்தில் வந்து குடியேறினார். அங்கேதான் சமரச சன்மார்க்க நிலையம் பொதுநிலைக் கழகமாயிற்று, ஞானசாகரம் அறிவுக்கடலாயிற்று, 1916வாக்கில் வேதாசலம் மறைமலையானார். ஒரு பக்கம் பிரிகேட் திடல், இன்னொரு பக்கம் தோல் பதனிடும் தொழில் (அதன் ஞாபகமாகக் குரோம்பேட்டை), நடுவில் நூல்நிலையத்தோடு ஒரு மனிதர். அவருடைய டைரி இங்கிலீஷில் எழுதப்பட்டது என்பதைக் கிண்டல் செய்கிறவர்கள் உண்டு. எனக்கு அதில் கிண்டல் செய்ய எதுவும் இல்லை. எல்லாப் பெயரையும் வெளியாள் வைத்துவிட்ட ஊரில் வாழ்ந்தவருக்கு, பெயர்களைத் திரும்பப் பெறும் ஆவேசம் வந்ததில் ஆச்சரியமில்லை. என் தகராறு வேறு. சொற்களின் மேடுபள்ளங்களை வெட்டி எடுத்து மொழியையும் ஒரே மட்டமாக்கலாம் என்று அவர் நம்பினார். 'சமதளம்' என்று தலைப்பு வைத்த நான் அவர் வாசலில் நின்றிருந்தால் திருத்தி அனுப்பியிருப்பார். ஆர்மீனியன் கட்டிய பாலம் போய், 1966இல் புதுப் பாலம் வந்தபோது அதற்கு அடிகளின் பெயர் வைத்தார்கள். ஒரு பெயராவது திரும்பி வந்தது.

விமானத்தின் கதையைச் சுருக்கமாகவே சொல்லலாம். 1931இல் கடற்கரை–தாம்பரம் மின்சார ரயில் வந்தது. 1932 அக்டோபரில் கராச்சியிலிருந்து ஜே.ஆர்.டி. டாட்டா பம்பாய்வரை ஓட்டிவந்த தபால் விமானத்தை வின்சென்ட் சென்னைக்கு ஓட்டி வந்தார். 1954இல், நாங்கள் பிரெஞ்சுக்காரர்களை அனுப்பி வைத்த அதே வருஷத்தில், மீனம்பாக்கத்தில் பயணிகள் நிலையம் எழுந்தது. 1985இலும் 1989இலும் புது நிலையங்கள் திரிசூலத்துப் பக்கம் கட்டப்பட்டன. பழையது சரக்குக்கு என்றாயிற்று. ஜனங்கள் மட்டும் இன்னும் மீனம்பாக்கம் என்கிறார்கள். திரிசூலத்தில் குலோத்துங்கன் காலத்துச் சிவன் கோயில் இருக்கிறது. கல்வெட்டில் சுவாமிக்குத் திருச்சுரமுடைய நாயனார் என்று பெயர். சங்கப் பாட்டு படித்தவனுக்குச் சுரம் என்றால் பொருள் தேடிப் பிரிகிறவன் கடந்துபோகும் வழி ஞாபகம் வரும். துபாய்க்கும் பாரிஸுக்கும் ஆள் ஏறும் இடத்தின் எதிரில் அந்தப் பெயர்.

கடந்துபோகிறவர்களின் சண்டையும் இங்கேதான் வெடிக்கும். 1984 ஆகஸ்ட் 2ஆம் தேதி இரவு, கொழும்பு விமானத்தில் ஏற்றுவதற்காக வைக்கப்பட்ட பெட்டிகள் ஏறாமல் இங்கேயே நின்றுவிட, குண்டு வெடித்து 33 பேர் செத்தார்கள். அதிகம் பேர் இலங்கைப் பயணிகள். தமிழ் ஈழ இராணுவம் என்ற சிறு குழுவின் காரியம். ஈழத்தைப் பற்றி நாம் எழுதிக் குவித்த பக்கங்களில் இந்த 33 பேருக்கு எத்தனை வரி கிடைத்தது என்று எண்ணிப் பார்த்தால் சங்கடமாக இருக்கிறது. யாரோ கொல்லப் பார்த்தது வேறு இடத்தில் என்பதாலும், செத்தவர்கள் ஊர்க்காரர்கள் இல்லை என்பதாலும் அந்தச் சாவுக்கு விலாசமே இல்லாமல் போயிற்று.

நங்கநல்லூர்க்காரர்களுக்கு விலாசம் உண்டு. ரிடையரான குமாஸ்தாக்களும் வாத்தியார்களும் மனை வாங்கிக் கட்டிய ஊர். தெருவுக்கு ஒரு கோயில். 1995இல் ஒரே கல்லில் 32 அடி ஆஞ்சநேயர். அவரைவிட நிறைய உயரமாகக் கட்ட நினைப்பவன் விமான நிலைய ஆணையத்தில் தடையில்லாச் சான்று வாங்கவேண்டும். மொட்டைமாடிக்கு மேலே எவ்வளவு ஆகாயம் தன்னுடையது என்று அளந்து சொல்லும் காகிதம் அது. கடன் மனுக்களோடு வரும்போது ஒவ்வொரு தடவையும் நிதானமாகப் படிப்பேன்.

பெரிய ஓடுபாதை சுமார் 12,000 அடி, லாம்ப்டன் கோட்டில் மூன்றில் ஒரு பங்குகூட இல்லை. ஆனாலும் இடம் போதவில்லை. இரண்டாவது ஓடுபாதையை நீட்டும்போது அடையாறு குறுக்கே வந்தது. ஆற்றின்மேல் பாலம் கட்டி, அதன்மேல் ஓடுபாதை போட்டார்கள். 2015 டிசம்பர் முதல் வாரம் ஆறு வந்து எல்லாவற்றையும் மூடியது. விமானங்களைச் சுற்றித் தண்ணீர் நின்ற படத்தை எல்லாப் பத்திரிகைகளும் போட்டன. நிலையம் நாலைந்து நாள் மூடிக்கிடந்தது.

இப்போது அங்கே போதாது என்று பரந்தூருக்குப் போகிறார்கள். 2022இல் அறிவித்தார்கள். வயலும் ஏரியுமான சமதளம். அந்த வருஷத்திலிருந்து ஏகனாபுரத்து ஜனங்கள் போராடுகிறார்கள். அவர்களுடைய பத்திரங்களின் நான்கெல்லையில் இன்னும் ஏரியும் வாய்க்காலும் பங்காளிகளும்தான் இருப்பார்கள். மத்திய சர்க்கார் கொள்கையளவில் ஒப்புதல் கொடுத்த புது விமான நிலையங்களின் பட்டியல் ஒன்றில் காரைக்கால் பெயரும் வந்தது. அதைப் பேப்பரில் பார்த்த எங்கள் பக்கத்து மிராசுதார் ஒருவர், நிலத்துக்கு விலை ஏறுமா என்று கவுண்டரில் வந்து கேட்டார். நெடுங்காட்டிலிருந்து கடல்வரை பார்த்தால் கோயில் கோபுரத்தையும் பனையையும் தவிர மேடு கிடையாது.